காப்புக் கட்டிய கையோடு பிரெஞ்சு மண்ணில்

கடைசி வீட்டுப் பெண்ணுக்கு இன்னும் வயசு நிரம்பவில்லை என்று தெருவுக்கே தெரியும், அப்புறம் எதற்கு விடியற்காலையில் மலைக்கோயிலுக்குக் கூட்டிக்கொண்டு போனார்கள் என்றுதானே கேட்கிறாய்? கடைசி வீட்டுக்காரி உன்னிடமும் நேர்த்திக்கடன் என்றுதான் சொன்னாளா? நேர்த்திக்கடனுக்கு யாராவது மேளக்காரரை வண்டியில் ஏற்றிக்கொண்டு போவார்களா, நீயே சொல். எனக்கு அவர்கள் வண்டி கட்டும் சத்தத்திலேயே தெரிந்துவிட்டது. எப்படித் தெரியும் என்றால், என்னையும் அப்படித்தான் கூட்டிக்கொண்டு போனார்கள். மலைக்கு இல்லை, வேறு ராஜ்யத்துக்கு. கண்ணை அப்படி விரிக்காதே. வேறு ராஜ்யம் என்றால் கப்பல் ஏறியா போனோம்? ரயில் ஏறித்தான்.

வெள்ளைக்காரன் பதினாலு வயசுச் சட்டம் கொண்டுவந்த புதிது அது. பதினாலு நிரம்பாத பெண்ணுக்குத் தாலி ஏறினால் கட்டினவனுக்கு ஜெயில், கட்டி வைத்தவனுக்கு ஜெயில், மந்திரம் சொன்ன ஐயருக்கும் ஜெயில் என்று பேச்சு. எனக்கு அப்போது பன்னிரண்டோ பதின்மூன்றோ. தம்பி பிறந்ததற்கு முந்தின வருஷம் நான் பிறந்தேன் என்று அம்மா சொல்வாள். தம்பி எப்போது பிறந்தான் என்று கேட்டால், உனக்கு அடுத்த வருஷம் என்பாள். இந்தக் கணக்கை வைத்துக்கொண்டு எந்தக் கோர்ட்டில் என்ன சொல்ல முடியும்?

மாப்பிள்ளை யார் என்கிறாயா? என் தாய்மாமன். மாமி காய்ச்சலில் போய்ச் சேர்ந்து வருஷம் திரும்பவில்லை. வீட்டில் விளக்கேற்ற ஆளில்லை என்று ஆயா, அதாவது என் அம்மாவைப் பெற்றவள், முடிவு செய்துவிட்டாள். மாமா கெட்டவர் இல்லை. அதுதான் கஷ்டம். கெட்டவராக இருந்திருந்தால் தரையில் புரண்டு அழுதிருக்கலாம். அவர் தோளில் உட்கார்ந்து கருடசேவை பார்த்தவள் நான். மாமி என் தலையைப் பின்னி விடுவாள், நான் மாமிக்குப் பேன் பார்ப்பேன். அவள் படுத்த பாயில் நான் போய்ப் படுக்க வேண்டுமாம். அதை யாரிடம் சொல்வது?

கல்யாணப் புடவையை எங்கள் வீட்டுத் தறியில்தான் நைனா நெய்தார். அப்பாவை நாங்கள் நைனா என்றுதான் கூப்பிடுவோம், உனக்குத் தெரியுமே. அவர் நடுவில் நூல் ஓட்டுகிற நாடாக்கட்டையை ஓட்டுவார், நான் பக்கத்தில் உட்கார்ந்து கரைக்கு நாடா தள்ளுவேன். அரக்கு உடம்பு, மயில்கழுத்துக் கரை. "இது யாருக்கு நைனா?" என்று கேட்டேன். "பெரிய எடத்துக்கு" என்றார், தலையைத் தூக்காமலே. எந்த அதிர்ஷ்டக்காரியோ என்று நினைத்துக்கொண்டே தள்ளினேன். பெரிய இடம் நான்தான் என்று தெரிந்திருந்தால் நாலு இழையை அறுத்துவிட்டிருப்பேன்.

பட்டு வியாபாரி ஒருவர் ஆயாவிடம் சொல்லியிருக்கிறார், புதுச்சேரிக்காரன் சீமையில் இந்தச் சட்டம் செல்லாது, அங்கே போய்த் தாலி கட்டிக்கொண்டு வந்தால் யாரும் ஒன்றும் செய்ய முடியாது என்று. அவருக்குத் தெரிந்த ஊரில் காலி வீடு ஒன்றும் பேசிக்கொடுத்தார். ஆனி மாதம் கடைசி முகூர்த்தம், வெள்ளிக்கிழமை. அதைத் தாண்டினால் ஆடி வந்துவிடும்.

திங்கட்கிழமையே போய் இறங்கிவிட்டோம். எனக்கு அதுதான் முதல் ரயில். செங்கல்பட்டில் ஏரியைப் பார்த்துக் கடல் என்று கத்தினேன், எதிரில் இருந்தவர்கள் எல்லோரும் சிரித்தார்கள். விழுப்புரத்தில் வண்டி மாறினோம். அப்புறம் மாட்டு வண்டி. பிரெஞ்சுக்காரன் சீமை ஒரே துண்டாக இருக்கும் என்று நினைத்திருந்தோம். அப்படி இல்லை அம்மா. கிழிந்த புடவையில் ஒட்டுப் போட்ட மாதிரி இங்கே ஒரு ஊர் அவனுடையது, நடுவில் நாலு வயல் இங்கிலீஷ்காரனுடையது, அந்தாண்டை மறுபடி அவனுடையது. நாங்கள் போன ஊருக்கு நாலு பக்கமும் இங்கிலீஷ் வயல். நடுவில் தீவு மாதிரி ஒரே ஒரு தெரு. ஒரு கிணறு, ஒரு குட்டை, அம்மன் கோயில். தெரு முனையில் கால் அகலத்துக்கு ஒரு வாய்க்கால். அந்த வாய்க்கால்தான் ராஜ்யத்துக்கு எல்லை. ஒரு ஆடு அதைத் தாண்டித் தாண்டி மேய்ந்துகொண்டிருந்தது.

போய் இறங்கி முகம் கழுவுவதற்குள் ஆயா ஐயரைப் பிடித்துக்கொண்டாள். "சாமி, நல்ல நேரம் போவறதுக்குள்ள காப்பு கட்டிடுங்கோ." மாமாவுக்கு வலது கையில், எனக்கு இடது கையில், மஞ்சள் நூலில் மஞ்சள் கிழங்கு வைத்துக் கட்டியாகிவிட்டது. காப்புக் கட்டினவர்கள் கல்யாணம் முடிகிறவரைக்கும் ஊர் எல்லையைத் தாண்டக் கூடாது. நம் பக்கத்தில் அது எவ்வளவு கண்டிப்பு என்று உனக்குச் சொல்ல வேண்டாம். ஆயா அதற்காகத்தான் அவசரப்பட்டாள். யாராவது மனசு மாறிவிடுவார்கள் என்று அவளுக்குப் பயம்.

செவ்வாய்க்கிழமை காலையில் வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் ஒரு போலீஸ்காரர் வந்து நின்றார். காலில் பட்டி சுற்றிக்கொண்டு, வேர்க்க விறுவிறுக்க.

"காஞ்சீபுரத்துக்காரரே! செத்த வெளிய வாங்க" என்று கூப்பிட்டார்.

நைனா போனார். நாங்கள் கதவிடுக்கில் நின்றோம்.

"ஒங்க அக்கா கோர்ட்டுல பிராது குடுத்திருக்காங்க. கொழந்தைக்குத் தாலி கட்டப் போறீங்களாமே? கட்டிட்டு இந்தப் பக்கம் கால வெச்சீங்கன்னா அப்படியே இட்டுக்கினு போவேன். பொண்ணு மாப்ள ஐயரு எல்லாரையும்."

"நாங்க பிரெஞ்சுக்காரன் மண்ணுல இல்ல இருக்கறோம்?"

"இருங்க. யாரு வேணாம்னது? எத்தினி நாளைக்கு இருப்பீங்க? சுத்தி எங்க வயலு."

நைனாவுக்கு முகம் வெளுத்துவிட்டது. அவருடைய அக்கா, என் அத்தை, பெரிய காஞ்சிபுரத்தில் இருந்தாள். தன் மகனுக்கு என்னை ரொம்ப நாளாகக் கேட்டுக்கொண்டிருந்தாள். அவளுக்குச் சட்டத்தின் மேல் ஒன்றும் ஆசை இல்லை, என் மேல்தான் ஆசை. அந்த மகன் அப்போது கோலி விளையாடிக்கொண்டு திரிவான், என்னைப் பார்த்தால் நாக்கைத் துருத்துவான்.

கொஞ்ச நேரத்தில் தெரு உள்பக்கத்திலிருந்து சிவப்புக் குல்லாய் போட்ட ஒருவர் வந்தார். பிரெஞ்சுக்காரனுடைய சிப்பாய். நைனாவுக்குக் கொஞ்சம் தைரியம் வந்தது. "ஐயா, இவுரு எங்கள மெரட்டுறாரு" என்று அவரிடம் முறையிட்டார். சிப்பாய் போலீஸ்காரரைப் பார்த்தார், போலீஸ்காரர் சிப்பாயைப் பார்த்தார்.

"இன்னா மச்சான், காலைல கூழு குடிச்சியா?" என்றார் சிப்பாய்.

"இல்ல மச்சான். ஒங்கக்கா இன்னும் எழுந்திருக்கல."

அவ்வளவுதான், நைனா தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். சிப்பாயின் அக்காவைத்தான் போலீஸ்காரர் கட்டியிருந்தார். இரண்டு பேரும் வாய்க்காலுக்கு இந்தப் பக்கம் ஒருவர், அந்தப் பக்கம் ஒருவர் குந்திக்கொண்டார்கள். வெற்றிலைப் பெட்டி மட்டும் எல்லை தாண்டிப் போய்ப் போய் வந்தது.

சிப்பாய்தான் விவரம் சொன்னார். "ரெண்டு தொரைங்களும் பேசிக்கினாங்க. இங்கிலீஷ் தொரை, புடிச்சிக் குடுத்துடுன்னாராம். எங்க தொரை, எங்க சட்டத்துல இது குத்தமே இல்ல, நான் எப்படிப் புடிக்கிறதுன்னாராம். அப்ப ஒங்க ஊருக்குள்ள என் ஆள அனுப்பட்டுமான்னாராம் அவுரு. கூடவே கூடாதுன்னாராம் இவுரு. ஆனா அவங்களா வெளிய வந்தா நீ புடிச்சிக்கோ, நான் கேக்கமாட்டேன்னு ஒப்பந்தம். அதான் மச்சான் அங்க குந்திக்கினு இருக்கான், நான் இங்க குந்திக்கினு இருக்கேன்."

எப்படி இருக்கிறது பார்! ஒருவன் தானும் பிடிக்க மாட்டான், பிடிக்கிறவனை உள்ளே விடவும் மாட்டான். இன்னொருவன் உள்ளே வரமாட்டான், ஆனால் போகவும் மாட்டான். நடுவில் நாங்கள்.

அந்த வீட்டைப் பற்றிச் சொல்கிறேன் கேள். ஒரே அறை, ஒரு முற்றம். முற்றத்தில் சமையல். அறையில் பெண்கள், வாசல் பக்கம் ஆண்கள். ஆனி மாதத்துப் புழுக்கம். ஓட்டுச் சந்தில் பல்லி. அடுப்புப் புகை எல்லாம் அறைக்குள்ளேயே சுற்றும். ஆயா வாசற்படியில் குறுக்கே காலை நீட்டி உட்கார்ந்திருப்பாள், அவளைத் தாண்டி நான் முற்றத்துக்குக்கூடப் போக முடியாது. காப்பு நூல் வேர்வையில் நனைந்து மணிக்கட்டு அரிக்கும். சொறிந்தால் "நூலத் தொடாத!" என்று கத்துவாள். கிணற்றடியில் ஊர்ப் பெண்கள் எட்டி எட்டிப் பார்ப்பார்கள். வெளியில் சிப்பாயும் போலீஸும் பேசிச் சிரிக்கிற சத்தம் உள்ளே கேட்கும். அவர்கள் சிரிக்கச் சிரிக்க நைனாவுக்கு ஆத்திரம் வரும்.

"கட்டுனா ஜெயிலு, கட்டலன்னா காப்பு. எங்க போய் முட்டிக்கிறது?" என்பார்.

ஆயா அசரவே இல்லை. "கட்டு. கட்டிட்டு இங்கியே இருந்துடலாம். அவளுக்குப் பதினாலு ஆவட்டும், அப்புறம் போலாம். இந்த முற்றத்துல ஒரு தறி போட்டுக்கோ" என்றாள்.

இந்த அறையிலா? வருஷக்கணக்காகவா? காஞ்சிபுரத்தில் எங்கள் தெருவை நினைத்துக்கொண்டேன். காலையில் தறிக்குப் பாவு நூல் இழுக்கிறவர்கள் போடுகிற சத்தம், சாயத் தொட்டிக்காரர் கை எல்லாம் சிவப்பாகப் போவது, எதையும் இனிமேல் பார்க்க மாட்டேன் என்று தோன்றியது. அம்மா என் முகத்தைப் பார்த்தாள், ஆயா முகத்தைப் பார்த்தாள், அரிசி களையப் போய்விட்டாள்.

ஐயர்தான் எல்லோரையும்விடப் பயந்தவர். "நான் கோயில் மனுஷன். எனக்கு ஜெயில்ல யார் மடியா சமைச்சுப் போடுவா? நான் கிளம்பறேன்" என்று மூட்டையைத் தேடுவார். மூட்டையை ஆயா தன் தலைக்கு வைத்துப் படுத்திருப்பாள். குடையையும் எங்கேயோ ஒளித்துவிட்டாள். அந்த மனுஷர் மூட்டை இல்லாமல் எங்கே போவார்? பாவம், உட்கார்ந்து பஞ்சாங்கத்தையே புரட்டிக்கொண்டிருந்தார்.

மாமா ஒரு மூலையில் தூணில் சாய்ந்து உட்கார்ந்திருப்பார். அவருக்கும் காப்பு, அவரும் எங்கும் போக முடியாது. புதன்கிழமை மத்தியானம், ஆயா கண் அசந்த நேரத்தில், ஒரு பிடி வேர்க்கடலையை என் பக்கமாக நகர்த்தினார்.

"பயமா இருக்குதா?" என்றார் மெதுவாக.

"ஒனக்கு?" என்றேன்.

"எனக்கும்தான்."

அவ்வளவுதான் பேசினோம். இரண்டு பேரும் கடலையை உரித்துத் தின்றோம். அவருக்கும் என்னை வேண்டாம் என்று அப்போதுதான் எனக்குப் புரிந்தது. ஆனால் புரிந்து என்ன பிரயோஜனம்? அவர் தன் அம்மாவை எதிர்த்து ஒரு நாளும் பேசினவர் இல்லை. எனக்கு இன்னும் அழுகை வந்தது. வேண்டாம் என்கிற இரண்டு பேரை ஒரே நூலில் கட்டி உட்கார வைத்தால் யார் அவிழ்ப்பது?

வெளிக்காற்று படுகிற நேரம் ஒன்றே ஒன்றுதான். விடியற்காலையில் பெண்கள் எல்லோரும் செம்பை எடுத்துக்கொண்டு கொல்லைப் பக்கமாகச் சவுக்குத் தோப்புக்குப் போவோம். ஆண்களுக்குக் குட்டைக்கரை, எங்களுக்குத் தோப்பு. முதல் நாளே ஆயாதான் நடந்து பார்த்து, நல்ல மறைவான இடம் என்று தேர்ந்தெடுத்து வைத்தாள். சவுக்கு இலை காலுக்குக் கீழே மெத்து மெத்தென்று இருக்கும். காற்று உஸ்ஸென்று சுற்றும். அங்கே நின்றால் வானம் முழுசாகத் தெரியும். நான் வேண்டுமென்றே தாமதம் செய்வேன். "இன்னாடி பண்ற, முட்டையா போடுற? வாடி சீக்கிரம்" என்று ஆயா தூரத்திலிருந்து கத்துவாள்.

வியாழக்கிழமை வந்துவிட்டது. மறுநாள் தாலி. முற்றத்தில் அம்மா அதிரசத்துக்கு மாவு இடித்துக்கொண்டிருந்தாள். வெளியில் மச்சான்கள் இரண்டு பேரும் எதையோ சொல்லிச் சிரித்தார்கள். ஆயாவுக்கு அன்றைக்குப் பொறுக்கவில்லை. இடுப்பில் சேலையைச் செருகிக்கொண்டு விடுவிடு என்று வாய்க்கால் கரைக்குப் போனாள். பின்னாலேயே நைனா, ஐயர், மாமா, கடைசியில் நானும். வாசலில் காவல் இல்லையே, நான் சும்மா இருப்பேனா?

"ஏம்பா, வெக்கமா இல்ல? மூணு நாளா பொம்பளைங்க இருக்கிற வூட்டையே பாத்துக்கினு குந்தினு இருக்கியே! ஆம்பளையா இருந்தா இந்த வாய்க்காலத் தாண்டி வந்து புடிச்சிப் பாரு" என்றாள்.

போலீஸ்காரர் முதலில் சிரித்துக்கொண்டுதான் இருந்தார். ஆயா விடவில்லை. வசவில் அவர் காக்கிச் சட்டையை இழுத்தாள், அவர் மீசையை இழுத்தாள், அவரைப் பெற்றவளையும் இழுத்தாள். அவருக்கு ரோஷம் வந்துவிட்டது.

"நான் எதுக்கு ஆயா தாண்டணும்? நீதான் பேத்திய இட்டுக்கினு தெனம் எங்க மண்ணுக்கு வந்துட்டுப் போற!"

"யாருடா வந்தது?"

"காலைல எங்க போறீங்க எல்லாரும்? அந்தத் தோப்பு யாருதுன்னு நெனச்ச? எங்களுது! முதல் நாளே பாத்துட்டேன். நெனச்சிருந்தா அங்கியே புடிச்சிருப்பேன். பொம்பளைங்க அதுக்குப் போற எடத்துல போய் ஒரு மனுஷன் நிப்பானா? நானும் நாலு பொண்ணு பெத்தவன். அந்த நேரத்துக்கு முதுவக் காட்டி நின்னேன்."

ஆயா சிப்பாயைப் பார்த்து, "பொய் சொல்றான் பாரு ஒன் மச்சான்" என்றாள்.

சிப்பாய் குல்லாயைக் கழற்றித் தலையைச் சொறிந்தார். "பொய் இல்ல ஆயா. தோப்பு அவுங்களுதுதான். உள்ள போவறப்போ ஒரு வெள்ளக் கல்லு நட்டிருக்கும், அதோட எங்க சீமை முடிஞ்சிது."

எனக்கு அந்தக் கல் சட்டென்று ஞாபகம் வந்தது. முழங்கால் உயரம், சுண்ணாம்பு அடித்து, மேலே எழுத்து வெட்டினது. எங்களில் யாருக்குப் படிக்கத் தெரியும்?

"ஆயா, நீ கைய கழுவிட்டு செம்ப வெப்பியே, அந்தக் கல்லுதான!" என்று நான் கத்திவிட்டேன்.

மேயப் போன ஆடுகூட நின்று பார்த்தது. எல்லோரும் என் கையில் இருந்த நூலைப் பார்த்தார்கள். பிறகு எல்லோரும் ஐயரைப் பார்த்தார்கள்.

நான் அந்த மனுஷருடைய முகத்தைச் சாகிறவரைக்கும் மறக்க மாட்டேன். மேகம் விலகின மாதிரி வெளிச்சம். ஆனால் குரலை மட்டும் துக்கத்தோடு வைத்துக்கொண்டார். "சிவ சிவா. காப்புக் கட்டின பொண் எல்லை தாண்டிடுத்தே! ஒரு தரம் இல்லை, தினம் தினம் தாண்டியிருக்காளே! இந்தக் காப்பு போச்சும்மா. இனிமே இதுக்கு முகூர்த்தம் வேற பார்க்கணும். நாளையோட ஆனி முகூர்த்தம் சரி. ஆடில கிடையாது. என் மூட்டை எங்கே?"

"பரிகாரம் ஏதாச்சும்…" என்றாள் ஆயா. குரல் தேய்ந்துவிட்டது.

"பரிகாரம் உண்டு. ஆனா அதே ஜோடிக்கு மறுபடியும் அதே கையில காப்புக் கட்டறதா? உங்க இஷ்டம். ஆகாதுன்னு நான் சொல்லலை. நீங்களே பெரியவா."

ஆயாவுக்குத் தன் மகன் மேல் உயிர். ஏற்கெனவே ஒருத்தியைப் பறிகொடுத்த வீடு. ஆகாது என்று ஒரு சொல் காதில் விழுந்தாலே மஞ்சள் துணியில் காசு முடிந்து வைப்பாள். வாய்க்கால் கரையிலேயே உட்கார்ந்துவிட்டாள். சட்டத்துக்குப் பயப்படவில்லை, ஜெயிலுக்குப் பயப்படவில்லை, தானே கட்டச் சொன்ன நூலுக்குப் பயந்துவிட்டாள். தோப்பைத் தேர்ந்தெடுத்தவளும் அவள்தானே, யாரைத் திட்டுவாள்?

மாமாதான் முதலில். ஐயர் சொல்லி முடிப்பதற்குள் தன் கைக் காப்பைப் பல்லால் கடித்து அறுத்து வாய்க்காலில் போட்டார். தன் அம்மாவைக் கேட்காமல் அவர் செய்த முதல் காரியம் அது. எனக்கு நைனா அவிழ்த்தார். தறியில் முடிச்சுப் போட்டுப் பழகின கை, அன்றைக்கு ஒரு நூலை அவிழ்க்க அவ்வளவு நேரம் ஆயிற்று. அவிழ்ந்த இடத்தில் தோல் சிவந்து வளையல் மாதிரி கிடந்தது. நான் அதைச் சொறிந்தேன் பார், அப்படி ஒரு சுகம்.

சாயந்திரமே வண்டி கட்டிவிட்டோம். வாய்க்காலைத் தாண்டும்போது போலீஸ்காரர் வண்டியை நிறுத்தினார். அம்மா என்னை முன்னால் தள்ளி, மூளிக் கழுத்தைக் காட்டினாள். "போங்கம்மா, பத்திரமாப் போங்க" என்று அவரே மாட்டைத் தட்டிவிட்டார். நான் அந்த அறையைத் திரும்பிப் பார்க்கவே இல்லை. வழியெல்லாம் கையை வண்டிக்கு வெளியே நீட்டிக்கொண்டே வந்தேன்.

அதோடு முடிந்தது என்று நினைக்கிறாயா? போலீஸ் மூலமாகச் சேதி போயிருக்கிறது, காஞ்சிபுரம் ஸ்டேஷனில் அத்தை நிற்கிறாள், கையில் பூப்பந்தோடு. "வாடி எம் மருமவளே!" என்று கட்டிக்கொண்டாள். எனக்கு மறுபடி அறைக்குள் போட்டுக் கதவைச் சாத்தின மாதிரி ஆகிவிட்டது. நைனா மெதுவாக அவள் கையை என் தோளிலிருந்து எடுத்தார்.

"அக்கா, நீ போட்ட பிராது ஒம் புள்ளைக்கும் சேத்துதான். இவளுக்குப் பதினாலு ஆவறவரைக்கும் யாரும் வாயத் தொறக்கக் கூடாது. அப்புறம் இவளயும் ஒரு வார்த்த கேக்கணும்" என்றார்.

அத்தை முகம் போன போக்கைப் பார்க்க வேண்டுமே! பூப்பந்து கையிலேயே வாடிவிட்டது. நைனா சொன்னபடி கேட்டாரா என்கிறாயா? கேட்டார். அது ஒரு பெரிய கதை. அத்தை மகனையா கட்டிக்கொண்டேன்? உனக்கு என் வீட்டுக்காரரைத் தெரியும், அவர் நாக்கைத் துருத்துகிறவரா? அவர் எங்கே என்னை முதன்முதலில் பார்த்தார் தெரியுமா, சாயத் தொட்டிக்குப் பக்கத்தில், நான்…

ஐயோ, தூறல் விழுகிறதே! தெருவில் பாவு நூல் விரித்துக் கிடக்கிறது, போட்ட கஞ்சி இன்னும் காயவில்லை. எழுந்திரு அம்மா, ஓடு, அந்த முனையை நீ பிடி. தரையில் பட விடாதே, நான் இந்த முனையைச் சுருட்டிக்கொண்டு வருகிறேன்.